மூச்சு நிற்கும் கட்டம்

“…எந்த நம்பர்ல மூச்சு நிக்குதுன்னு உன் தாள்ல எழுதிக்கீதா, இல்ல அதுவும் என் கையிலதானாக்கா?”

கேட்டவள் பொம்மையின் நெஞ்சுக்கு மேல் ஊசியைப் பிடித்தபடி குனிந்திருந்தாள். தலையைத் தூக்கவில்லை. நான் மடியிலிருந்த தாளைப் பார்த்தேன். கட்டம் கட்டமாகக் கோடு போட்ட தாள். ஒரு கட்டத்துக்கு ஒரு படம். எந்தக் கட்டத்தில் கை தளர்கிறது, எந்தக் கட்டத்தில் தலை சாய்கிறது, எல்லாம் என் கையெழுத்தில் இருந்தது. அவள் கேட்டது மட்டும் இல்லை. எழுதியிருந்தேன், அழித்துவிட்டேன். ஏன் அழித்தேன் என்று சொல்வதற்கு முன்னால், நான் யார், ஓடாத ஒரு ஐஸ் கொட்டகைக்குள் ஒரு சாண் பொம்மையைப் படுக்க வைத்துக்கொண்டு என்ன செய்துகொண்டிருந்தேன் என்று சொல்லிவிட வேண்டும்.

நான் காட்டூர்க்காரி. எங்களுடையது நெல் விளைகிற ஊர். பழவேற்காடு ஏரி கூப்பிடு தூரம் என்றாலும், ஏரி எங்களுக்குக் கூடையில் வாசல் தேடி வரும் இறாலும் நண்டும்தான். படகில் கால் வைத்ததில்லை. பத்தாவதோடு படிப்பு நின்றது. சென்னையில் விளம்பரப் படம் எடுக்கும் ஒரு கம்பெனியில் கடிதம் பிரிக்கும், உறை ஒட்டும் வேலைக்குப் போனேன். அங்கே பின்பக்கத்து அறையில் ஸ்டாப் மோஷன் எடுத்தார்கள். பொம்மையை வைத்து ஒரு படம் எடுப்பார்கள். மயிரிழை நகர்த்துவார்கள். இன்னொரு படம். ஒரு விநாடிக்குப் பன்னிரண்டு தடவை இப்படி. கேமராவை யாரும் இடித்துவிடாமல் பார்த்துக்கொள்ள ஒரு ஆள் தேவைப்பட்டது. வாசலில் ஸ்டூலைப் போட்டு என்னை உட்கார வைத்தார்கள். உள்ளே போக வந்தவர்களை எல்லாம் விரட்டினேன். முதலாளியையே ஒரு தடவை விரட்டினேன்.

விரட்டிக்கொண்டே கற்றுக்கொண்டதுதான் என் படிப்பு. பிஸ்கட்டுக்குக் கால் முளைத்து நடக்கும், பற்பசை கூத்தாடும். அதற்கு எத்தனை பேர், எத்தனை நாள், எந்தப் பசை கோடையில் உருகும், எந்த ஆர்ட்டிஸ்ட் மூன்று மணிக்கு மேல் கை நடுங்குவார், எல்லாம் எனக்குத் தெரிந்துவிட்டது. அப்படியே நாள் குறித்துக் கொடுக்கிறவளாகி, ஆள் சேர்க்கிறவளாகி, கடைசியில் பெயருக்குக் கீழே தயாரிப்பாளர் என்று போட்டுக்கொள்கிறவளானேன். கம்ப்யூட்டர் பொம்மைகள் வந்து அந்தக் கம்பெனி படுத்துவிட்டது. எனக்கு வேறு வேலை தெரியாது. இரண்டு விளக்கும் ஒரு பிடிவாதக்கார இயக்குநரும் நானும் மிஞ்சினோம், கேமரா வாடகைக்கு. அவரே பொம்மையை நகர்த்துபவரும். பத்து நிமிஷப் படம் ஒன்று அவர் மனசில் இருந்தது. ஒரு மீனவன் போகிறான், முகத்துவாரத்தில் படகு கவிழ்கிறது, அவன் மட்டும் கரைக்கு வருகிறான், மணலில் கிடக்கிறான், மூச்சு நிற்கிறது. அவ்வளவுதான் கதை.

“ஏன் சார், கரைக்கு வந்தவனை விட்டுவிடக் கூடாதா?” என்றேன்.

“கரைக்கு வந்தும் போறான் பாருங்க, அதுக்காகத்தான் எடுக்கறதே,” என்றார்.

ஐஸ் கொட்டகை கிடைத்தது என் அதிர்ஷ்டம் என்றுதான் அப்போது நினைத்தேன். பழவேற்காட்டுக்கு அந்தப் பக்கம் ஒரு மீனவர் குப்பத்தில், மூடி வருஷமான கொட்டகை. ஜன்னல் கிடையாது. சுவர் முழுக்கத் தெர்மாகோல். வெளிச்சம் ஒரு பொட்டு உள்ளே வராது. எங்கள் வேலைக்கு அதைவிட வேறு என்ன வேண்டும்? மீன் கவிச்சி மட்டும் சுவரை விட்டுப் போகவில்லை. உப்புக் காற்றில் பொம்மைக்குள் இருக்கும் கம்பி மூட்டுகள் துருப்பிடித்தன. தினமும் காலையில் அவனுக்கு முழங்காலில் எண்ணெய் விட்டோம்.

குப்பத்து ஆட்கள் வேடிக்கை பார்க்க வந்தார்கள். பேச்சு என்றால் பேச்சு, நான் அதற்காகவே வாசலில் நிற்பேன். “நாள் பூரா குந்திக்கினு ஒரு கொட்டாவி எடுத்துக்கீறீங்களே, இத்த நாங்க சும்மாவே வுடுவோமே” என்றார் ஒருவர். டீக்கடைக்காரருக்கு உண்மையிலேயே மனசு கேட்கவில்லை. “காலைல டீ குடுக்க சொல்ல கைய தூக்கிக்கினு கீறான். சாயந்தரம் வந்து பாத்தா அப்பவும் தூக்கிக்கினே கீறான். வலிக்காதாம்மா அவனுக்கு?” தயாரிப்பாளர் என்றால் வெள்ளைச் சட்டையும் கழுத்தில் சங்கிலியும் இருக்கும் என்று நினைத்திருந்தார்கள். நான் டிபன் கேரியரோடு பஸ்ஸில் வந்து இறங்குவதைப் பார்த்து, “இது பள்ளிக்கூடத்து ஆயா” என்று கொஞ்ச நாள் பேசிக்கொண்டார்கள்.

அவர்கள் நிஜமாகச் சிரித்தது பொம்மையின் காலைப் பார்த்துத்தான். சென்னையில் செய்தவர் அவனுக்கு ரப்பர் செருப்புப் போட்டு அனுப்பியிருந்தார். படகில் நிற்கும் ஆளுக்குச் செருப்பு. “இன்னா, மாப்ள கல்யாணத்துக்குப் போறாரா?” என்று ஒருவர் கேட்க, ஒரு வாரம் அவனுக்கு அந்தப் பேர்தான். மாப்ள. எனக்குச் சிரிப்பு வரவில்லை. பொம்மை நிற்க வேண்டுமானால் மேஜைக்கு அடியிலிருந்து உள்ளங்காலில் திருகாணி ஏற்ற வேண்டும். அந்தத் திருகாணியை மறைப்பதற்குத்தான் செருப்பு. காட்டூரில் பிறந்த எனக்கும் அது உறைக்கவில்லை, வரப்பில் செருப்போடு நடக்கிற ஜாதி நான்.

செருப்பைக் கழற்றியவள் அவள்தான்.

குப்பத்தில் ஜாக்கெட் தைக்கிறவள் அவள். முப்பது முப்பத்திரண்டு வயதிருக்கும். பொம்மைக்குச் சட்டை, லுங்கி தைக்கக் கூப்பிட்டிருந்தேன். “பெரிய ஆளுக்குத் தச்சிடலாம்க்கா. இத்துணூண்டு ஆளுக்கு அக்குள் வெட்றதுதான் பேஜாரு” என்று சலித்துக்கொண்டே அளவெடுத்தாள். நீலக் கட்டம், நடுவில் ஒல்லியாக மஞ்சள் கோடு போட்ட துணி அவளே கொண்டுவந்தாள். துவைத்துத் துவைத்து மெல்லிசான துணி. எங்களுக்கு அதுதான் வேண்டும். புதுத்துணி சின்ன உடம்பில் அட்டை மாதிரி நிற்கும். எங்கே கிடைத்தது என்று நான் கேட்கவில்லை.

செருப்பைக் கழற்றிவிட்டு, திருகாணிக்கு மேல் களிமண்ணில் பாதம் வைத்தாள். விரல்கள் பலகையைக் கவ்விப் பிடிப்பது மாதிரி மடங்கியிருந்தன. இடது சுண்டுவிரல் மட்டும் பக்கத்து விரல் மேல் ஏறிக்கொண்டிருந்தது. “நேரா வெச்சிடுங்களேன்” என்றார் இயக்குநர். “அது நேரா நிக்காது சார்” என்றாள். அப்புறம் அவன் நிற்கும் விதத்துக்கு வந்தாள். இன்ஜின் தூக்கித் தூக்கி இடது தோள் இறங்கியிருக்க வேண்டும் என்றாள். அப்புறம் கழுத்து. தைக்க வந்தவள் நாங்கள் எடுத்ததைத் தினமும் சாயங்காலம் திரையில் பார்த்துவிட்டு, “இப்டி திரும்ப மாட்டான்” என்று ஒரு வரி சொல்லிவிட்டுப் போவாள். மறுநாள் இயக்குநர் அப்படியே மாற்றுவார். பொம்மை ஆளாகிக்கொண்டே வந்தது. பதினெட்டு வருஷத்தில் நான் அப்படி ஒரு பொம்மையைப் பார்த்ததில்லை. அந்தச் சந்தோஷத்தில் எனக்கு வேறு எதுவும் கண்ணில் படவில்லை.

அவள் புருஷன் இரண்டு வருஷத்துக்கு முன்னால் முகத்துவாரத்தில் படகு கவிழ்ந்து போனவன் என்று எனக்குத் தெரியும். கூடப் போன இரண்டு பேர் நீந்தி வந்துவிட்டார்கள். அவன் வரவில்லை. உடம்பும் கிடைக்கவில்லை. அவள் பொட்டு வைத்திருந்தாள், தாலி போட்டிருந்தாள், யாராவது கேட்டால் “வெளிய போய்க்கீறாரு” என்றாள். கதையில் படகு கவிழ்கிறதே என்று தயங்கி முதல் நாளே அவளிடம் சொன்னேன். “நம்ம ஆளு கரைக்கு வந்துடறான்ல?” என்று கேட்டாள். வந்துவிடுகிறான் என்றேன். பாதியைச் சொன்னேன்.

மார்கழியில் ஒரு நாள் அவளுடைய புருஷனின் அண்ணன் வந்தார். என்னைப் பார்க்கத்தான் வந்தார். மகளுக்குத் தை மாதம் கல்யாணம் வைத்திருந்தார். தம்பிக்குக் காரியம் செய்யாமல் வீட்டில் பந்தக்கால் நட முடியாது. உடம்பு கிடைக்காதவனுக்கு அங்கே வைக்கோலில் ஒரு ஆளைக் கட்டி, அவன் போட்டிருந்த சட்டையைப் போர்த்தி, எடுத்துப் போய்க் கொளுத்துவார்கள். சட்டையைப் பெண்டாட்டி கையால் கொடுக்க வேண்டும். இரண்டு வருஷமாக அவள் கொடுக்கவில்லை. நான் சொன்னால் கேட்பாள் என்று யாரோ அவரிடம் சொல்லியிருக்கிறார்கள்.

செருப்பை வாசலில் விட்டுவிட்டு உள்ளே வந்தார். மேஜையைக் கடக்கும்போது நின்றார். பொம்மையின் முகத்தை அவர் பார்க்கவில்லை. குனிந்து காலைப் பார்த்தார். ரொம்ப நேரம் பார்த்தார். கரை ஒதுங்கும் உடம்பை முகத்தை வைத்து யாரும் அடையாளம் சொல்வதில்லை, காலை வைத்துத்தான் என்பது எனக்கு அப்புறம் தெரிந்தது.

“இது எங்க வூட்டுக் காலு” என்றார்.

பிறகுதான் கண் சட்டைக்கு ஏறியது. நீலக் கட்டம், மஞ்சள் கோடு.

அவள் கறுப்புத் திரைக்குப் பின்னால் நின்றிருந்தாள். புருஷனுக்கு அண்ணன் என்றால் எதிரில் வந்து நிற்க மாட்டாள், நேரடியாகப் பேசவும் மாட்டாள். அவரும் அப்படித்தான். நடுவில் நான் கிடைத்தேன்.

“ரெண்டு வருசமா கேட்டுக்கினு கீற சட்டைம்மா இது. மீதி எங்கன்னு அவங்கள கேளுங்க.”

“மீதி எங்கேன்னு கேக்கறாரு,” என்றேன் திரையைப் பார்த்து.

“மீதி அதோட நெஞ்சுக்குள்ள அடைச்சிட்டேன்னு சொல்லுக்கா.”

சொல்லத் தேவையில்லை, அவர் காதில் விழுந்துவிட்டது. ஆனாலும் நான் வாய் திறக்கும்வரை காத்திருந்தார். சொன்னேன்.

“என் தம்பிம்மா அவன். எனக்கு மட்டும் ஆசையா? பொண்ணு கல்யாணத்த எத்தினி தபா தள்றது, கேளுங்க.”

“ஆளு வந்து நின்னா இன்னா பண்ணுவாருன்னு கேளுக்கா.”

“வந்தா மொத மாலை நான் போடறேன்னு சொல்லுங்க.” அப்புறம் குரலை இறக்கி, எனக்கு மட்டும் சொல்வது மாதிரி, “நைனா ஒரு மாசம் கரையிலயே நடந்தாரும்மா. காட்டுப்பள்ளி வரைக்கும் நடந்தாரு. ஒரு காலாவது கெடைக்கும்னு. இப்ப இங்க ரெண்டு காலும் நின்னுக்கினு கீது,” என்றார். போகும்போது, “உங்க வேல முடிஞ்சதும் இத்த குடுத்துடுங்க. வைக்கோலு வேணாம். இதுவே போதும்” என்றார்.

“யோசிக்கிறேன்” என்றேன். எங்கள் தொழிலில் எதற்கும் சொல்கிற வார்த்தை அது.

மாற்றுப் பொம்மை ஒன்று எங்களிடம் இருந்தது. எப்போதும் இரண்டு செய்வோம், ஒன்று உடைந்தால் இன்னொன்று. அது பெட்டிக்குள் இன்னும் செருப்போடு, வேறு சட்டையோடு, யாராகவும் இல்லாமல் படுத்திருந்தது. மணலில் கிடக்கும் அந்தக் கடைசிக் காட்சியை அதை வைத்து எடுத்திருக்கலாம். போர்வை போர்த்தி, காலை மறைத்து, அவளை அன்றைக்கே வீட்டுக்கு அனுப்பியிருக்கலாம். இயக்குநருக்கு இதெல்லாம் தெரியாது. தெரிந்தவள் நான் ஒருத்திதான். பெட்டியை நான் திறக்கவில்லை. படம் நன்றாக வந்துகொண்டிருந்தது. அதைவிடப் பெரிய காரணம் எதுவும் என்னிடம் இல்லை.

கடைசிக் காட்சியில் அவன் மணலில் மல்லாந்து கிடக்கிறான். நெஞ்சு மட்டும் ஏறி இறங்க வேண்டும். இயக்குநர் கை வைத்தால் சட்டை ஒரேயடியாகக் குதித்தது. ஓடிவந்த ஆள் மாதிரி மூச்சு வாங்கினான். அவள் பார்த்துக்கொண்டே இருந்துவிட்டு, “தள்ளுங்க சார்” என்று ஊசியை எடுத்தாள். ஊசி முனையால் சட்டையை உள்ளிருந்து ஒரு நூல் அளவு தூக்கினாள். படம். இன்னொரு நூல். படம். ஒரு மூச்சு உள்ளே போய் வெளியே வர நாற்பத்தெட்டுப் படங்கள். கரண்ட் ஏறி இறங்கினால் வெளிச்சம் மினுக்கும், மறுபடி எடுக்க வேண்டும். அதனால் ஒரு நாளைக்கு ஒரு மூச்சு. சாயங்காலம் ஓட்டிப் பார்த்தபோது இயக்குநர் வாயில் கையை வைத்துக்கொண்டார். அவன் தூங்கிக்கொண்டிருந்தான்.

என் தாளில் மூன்று மூச்சு எழுதியிருந்தேன். மூன்றாவது முடியும் கட்டத்தில் ‘நிற்கிறது’ என்று இருந்தது. மூன்றாம் நாள் சாயங்காலம், “நாளைக்கு வரேன்க்கா” என்றாள். நான் அந்த வார்த்தையை அழித்து நான்காவது மூச்சின் முடிவில் எழுதினேன். நாலாம் நாளும் “நாளைக்கு வரேன்” என்றாள். அழித்து எழுதினேன். ஐந்தாவது மூச்சுக்கு இயக்குநர், “போதும்னு நினைக்கிறேன்” என்றார். “நல்லாத்தானே இருக்கு சார்,” என்றேன். ஒரு படம் கூட வீணாகக் கூடாது என்று பிறரை விரட்டியே வளர்ந்தவள் நான். ஆறாவது முடிந்த அன்று அழித்தேன், எழுதவில்லை. ரப்பர் தேய்த்துத் தேய்த்துத் தாள் அந்த இடத்தில் மெலிந்துபோயிருந்தது.

அந்த நாட்களில் அவள் பழைய மாதிரி பேசினாள், கேலி செய்தாள். ஒரு தடவை மட்டும், ஊசியை எடுக்காமலே கேட்டாள்.

“அவரு இத்த கேட்டாருல்ல?”

“கேட்டாரு.”

“நீ இன்னா சொன்ன?”

“யோசிக்கிறேன்னு.”

“நீ யோசிச்சு இன்னா பண்ணப் போற.” கோபமில்லாமல் சொன்னாள். கொஞ்சம் கழித்து, “மூணாவது மூச்சுலயே உன் தாள்ல இன்னாவோ எழுதி அழிச்சியே, பாத்தேன்” என்றாள்.

ஏழாவது நாள். வாடகைக் கேமராவை மறுநாள் சென்னையில் திருப்பிக் கொடுத்தாக வேண்டும். அதை அவளிடம் காலையிலேயே சொல்லிவிட்டேன். வெளியே டீக்கடைத் தார்ப்பாய்க்குக் கீழே அவளுடைய புருஷனின் அண்ணன் உட்கார்ந்திருந்தார். பத்திரிகை அடிக்கப் பொன்னேரிக்குப் போக வேண்டும், இன்று பதில் தெரிந்தால் போவேன், தெரியாவிட்டால் கல்யாணத்தை நிறுத்திவிடுவேன் என்று டீக்கடைக்காரரிடம் சொல்லி அனுப்பியிருந்தார். அது அவள் காதிலும் விழுந்தது. உட்கார்ந்து ஏழாவது மூச்சை எடுத்தாள். உள்ளே இருபத்து நாலு. வெளியே இருபத்து நாலு. சட்டை முழுதாக இறங்கி மணலோடு படிந்தபோது உச்சிப் பொழுது தாண்டியிருந்தது. ஊசி முனை மறுபடி சட்டைக்கு அடியில் போய் நின்றது. அப்போதுதான் அதைக் கேட்டாள், எந்த நம்பரில் நிற்கிறது, தாளில் எழுதியிருக்கிறதா, இல்லை தன் கையில்தானா என்று.

“எழுதல,” என்றேன். “உன் கையிலதான்.”

ஊசியை எடுத்துத் தன் மாராப்பில் குத்திக்கொண்டாள். எழுந்து கேமராவின் பட்டன் இருக்கும் மேஜைக்குப் போனாள். அத்தனை நாளில் அவள் அதைத் தொட்டதில்லை, நகர்த்துவது அவள், படம் எடுப்பது இயக்குநர். அவர் எழுந்திருக்கப் பார்த்தார். நான் அவர் சட்டையைப் பிடித்து இழுத்து உட்கார வைத்தேன்.

பட்டனை அழுத்தினாள். டக் என்றது. ஊசியால் தூக்குவதற்கு எவ்வளவு நேரம் ஆகுமோ அவ்வளவு நேரம், ஒன்றும் செய்யாமல், பொம்மையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். மறுபடி அழுத்தினாள். நகராததை எடுக்க ஒரே ஒரு படம் போதும். அதையே எவ்வளவு நேரத்துக்கு வேண்டுமானாலும் நீட்டிக்கொள்ளலாம். நான் அதைச் சொல்லவில்லை. கட்டங்களில் எண் போட்டுக்கொண்டே வந்தேன். நாற்பத்தெட்டும் அவளே எடுத்தாள்.

எடுத்ததைச் சரிபார்க்கும்வரை பொம்மையில் யாரும் கை வைக்கக் கூடாது என்பது எங்கள் தொழிலில் சட்டம். அவள் பொம்மை கிடந்த மேஜைக்கு வந்து, அடியில் கைவிட்டு, அவன் முதுகைப் பிடித்திருந்த திருகாணிகளைக் கழற்றி, அவனைத் தூக்கி மடியில் கிடத்திக்கொண்டாள். மாராப்பிலிருந்து ஊசியை எடுத்து, சட்டையை அக்குள் தையலிலிருந்து பிரிக்க ஆரம்பித்தாள்.